யாருக்குப் பற்றின்மை?

வேலை செய்பவர் பலனில் பற்று வைக்கலாகாது என்கிறது கீதை. அதைக் குறை சொல்ல நான் துணியவில்லை. ஆனால் அந்த உபதேசத்தை யார் யாருக்குச் சொல்கிறார்கள் என்று கவனித்துப் பாருங்கள். பெரும்பாலும், பலனை எடுத்துக்கொண்டவர் அதை இழந்தவருக்குச் சொல்கிறார். எனக்குச் சந்தேகம் எழுவது அங்கேதான்.

இரண்டாவது உலக யுத்தத்தின்போது அமெரிக்க ராணுவம், பீரங்கிக் குண்டு எந்தப் பாதையில் போய் எங்கே விழும் என்று கணக்கிட, பிலடெல்பியாவில் பல பெண்களை அமர்த்தியிருந்தது. அந்த உத்தியோகத்துக்கே 'கம்ப்யூட்டர்' என்றுதான் பெயர்! ஒரு குண்டின் பாதையைக் கணக்கிட ஒருவருக்குச் சுமார் 20 மணி நேரம் பிடித்தது. அதை விநாடிக் கணக்கில் முடிப்பதற்காகப் பென்சில்வேனியா சர்வகலாசாலையில் 'எனியாக்' என்ற ராட்சஸ யந்திரத்தைக் கட்டினார்கள். எடை சுமார் 30 டன். வால்வுகள் மட்டும் ஏறக்குறைய 18,000.

யந்திரத்தை அமைத்த பெருமை இரண்டு ஆண்களுக்குப் போயிற்று. அதைக் கணக்குப் போட வைத்தவர்கள் ஆறு பெண்கள்: கேத்லீன் மக்நல்டி, ஜீன் ஜென்னிங்ஸ், பெட்டி ஸ்னைடர், மார்லின் வெஸ்காஃப், பிரான்சிஸ் பிலாஸ், ரூத் லிச்டர்மன். யந்திரத்துக்கு உத்தரவிடும் பாஷை ஏதும் அப்போது பிறக்கவில்லை. சொல்லிக்கொடுக்கும் புத்தகமும் இல்லை. ராணுவ ரகசியம் என்று முதலில் அவர்களை யந்திரத்தின் பக்கமே விடவில்லை. வரைபடங்களைக் கையில் கொடுத்துவிட்டார்கள், அவ்வளவுதான். பார்த்தறியாத வீட்டில் இருட்டில் விளக்கேற்றச் சொன்ன மாதிரி!

1946 பிப்ரவரி 15ஆம் தேதி யந்திரத்தை உலகுக்குக் காட்ட ஏற்பாடாகியிருந்தது. முந்தின இரவு ஒரு சங்கடம். குண்டு தரையில் விழுந்த பிறகும் கணக்கு நிற்காமல், அதைப் பூமிக்குள்ளே செலுத்திக்கொண்டே போயிற்று. பெட்டி ஸ்னைடர் வீட்டுக்குப் போய்த் தூங்கினார்; விழித்தபோது எந்தச் சுவிட்ச் மாறியிருக்கிறது என்பது அவருக்குப் புரிந்துவிட்டது. காலையில் வந்து அதைத் திருப்பினார். குண்டு பறக்கும் நேரத்தைவிடக் குறைந்த நேரத்தில் யந்திரம் கணக்கை முடித்ததைக் கண்டு வந்தவர்கள் பிரமித்தார்கள். அன்றிரவு பெரிய விருந்து நடந்தது. அந்தப் பெண்களுக்கு அழைப்பு இல்லை.

'பெயருக்காகவா அவர்கள் வேலை செய்தார்கள்?' என்று கேட்பீர்கள். இல்லைதான். ஜீன் ஜென்னிங்ஸ் முதுமையிலும் அந்த நாட்களை உற்சாகத்தோடுதான் நினைவுகூர்ந்தார். ஆனால் கையில் இருப்பதைத் தானே விட்டால்தான் துறவு. கைக்கு வருமுன் இன்னொருவர் எடுத்துக்கொண்டால் அதற்கு வேறு பெயர். 'அம்மா எதையும் எதிர்பார்க்க மாட்டாள்' என்று நாம் பெருமையோடு சொல்வதிலும் இந்தச் சாமர்த்தியம் கொஞ்சம் கலந்திருக்கிறது.

நஷ்டம் அவர்களோடு நின்றதா? 1980களில் காத்தி க்ளைமன் என்ற ஹார்வர்டு மாணவி, பழைய புகைப்படங்களில் எனியாக்கின் அருகே நிற்கும் பெண்கள் யார் என்று விசாரித்தார். யந்திரம் அழகாகத் தெரிவதற்காக நிறுத்திவைத்த விளம்பரப் பெண்கள் என்று பதில் கிடைத்தது. சரித்திரம் தெரிந்தவர்கள் சொன்ன பதில் இது! கணக்கில் ஆசை கொண்ட எத்தனை பெண்கள் அந்தப் படத்தைப் பார்த்து, இது நமக்கான இடமில்லை என்று திரும்பியிருப்பார்களோ? அவர்களிடம் போய்ப் பற்றின்மையைப் போதிக்க எனக்கு நா எழாது.

க்ளைமன் விடாமல் தேடினார். 1997இல் ஆறு பேருக்கும் பகிரங்கமாகக் கௌரவம் செய்தார்கள். ரூத் லிச்டர்மன் 1986லேயே இறந்துவிட்டார். அவருக்குரியதை அவருடைய கணவர் வந்து வாங்கிக்கொண்டார்.