சென்ற காலம் திரும்புமா?

மாந்தர் நெஞ்சில் மறையாத ஆசை ஒன்றுண்டு. ‘அந்த நாள் மீண்டும் வாராதா? அன்று சொன்ன சொல்லைச் சொல்லாமலும், செய்த செயலைச் செய்யாமலும் இருக்கும்படி வாழ்க்கைக் கதையைத் திருத்திக்கொள்ள இயலாதா?’ என்பதே அது. இவ்வாசை எத்தேசத்தாருக்கும் பொதுவானது. 1895ஆம் ஆண்டில் எச். ஜி. வெல்ஸ் என்னும் ஆங்கில ஆசிரியர் காலத்தினூடே பிரயாணம் செய்யும் பொறி ஒன்றைக் கற்பித்துக் கதை எழுதினார். காலத்தை வளைத்து, நடந்த கதையையே மாற்றவல்ல சக்தியைப் பேசும் நூல்களும் திரைப்படங்களும் பின்னர்ப் பெருகின. அத்தகைய சக்தி உண்டா, உண்டாயின் அது மாந்தரின் இவ்வாசையை நிறைவேற்றுமா என்பது விசாரிக்கத் தக்கது.

காலம் எம்பெருமானுக்கு உட்பட்டது என்பது விசிஷ்டாத்வைத சித்தாந்தம். அது அவனுக்குச் சரீரமாய், அவன் ஸங்கல்பத்தின்படி நடப்பது. அதன் போக்கு எங்கும் ஒரே அளவினதன்று என்பதைக் ககுத்மி மன்னனின் சரிதம் காட்டுகிறது. குசஸ்தலியை ஆண்ட அம்மன்னன், தன் மகள் ரேவதிக்கு ஏற்ற வரன் யார் என்று கேட்க அவளுடன் ஸத்யலோகம் சென்றான். அங்கே கந்தர்வ கானம் நடந்துகொண்டிருந்தமையால் சற்றே காத்திருந்தான். கானம் முடிந்து விண்ணப்பித்தபோது பிரமன் நகைத்து, பூமியில் 27 சதுர்யுகங்கள் கழிந்தன என்றும், மன்னன் மனத்தில் நினைத்திருந்த வரன்களும் அவர்தம் வம்சத்தாரும் பெயரும் இன்றி மறைந்தனர் என்றும் உரைத்தான். திரும்பிய மன்னன் ரேவதியைப் பலராமனுக்கு மணம் செய்வித்தான்.

இதனைக் கட்டுக்கதை என்று தள்ளியோரும் இன்று சற்று நின்று யோசிக்கின்றனர். காலம் எல்லார்க்கும் ஒரே கதியில் ஓடுவதன்று என்று ஐன்ஸ்டைன் 1905இல் நிறுவினார். 1971இல் அணுக்கடிகாரங்களை விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றிவரச் செய்து சோதித்தபோது, அவை தரையில் இருந்தவற்றினின்று மிக நுண்ணிய அளவில் வேறுபட்டன.

ஆயினும் ஒன்று கவனிக்கத் தக்கது. ககுத்மிக்குக் காலம் சுருங்கிற்றேயன்றிப் பின்னோக்கித் திரும்பவில்லை. தன் உற்றார் உறவினரை அவன் மீண்டும் காணவில்லை. நான்முகனும் ‘சென்றதை மீட்டுத் தருகிறேன்’ என்று சொல்லவில்லை. இனிச் செய்யத் தக்கது இன்னதென்றே உபதேசித்தான்.

‘ஸாந்தீபனி முனிவரின் இறந்த மகனைக் கண்ணபிரான் மீட்டுத் தரவில்லையா?’ என்று கேட்கலாம். தந்தது உண்மையே. மகன் திரும்பி வந்தான். ஆனால் அவனை இழந்து பெற்றோர் துயருற்றிருந்த நாட்கள் நடவாதவை ஆகிவிடவில்லை. பகவான் புதிதாக ஒன்றை அருளினான். பழையதை அழித்து எழுதவில்லை.

அங்ஙனமாயின் தவறிழைத்தவனுக்குக் கதி யாது? துர்வாஸ முனிவரின் சரிதம் இதற்கு விடை. த்வாதசிப் பாரணையின்போது அம்பரீஷ மஹாராஜனிடம் சினங்கொண்டு அபசாரம் இழைத்த அவரைச் சக்கரத்தாழ்வான் துரத்தினான். பிரமனையும் சிவனையும் அண்டிய முனிவர், முடிவில் ஸ்ரீவைகுண்டநாதன் திருவடியிலே விழுந்தார். சர்வசக்தனான எம்பெருமான் காலத்தைப் பின்னே திருப்பி அப்பிழையையே இல்லாததாக்கவில்லை. ‘பிழை யாரிடத்துச் செய்யப்பட்டதோ அவரிடமே செல்க’ என்று அனுப்பினான். அம்பரீஷனோ ஓராண்டு நீர் மாத்திரம் பருகி அவர் வரவை எதிர்நோக்கியிருந்தான். முனிவர் அவன் பாதத்தைப் பற்றினார், அவன் நாணி, சக்கரத்தாழ்வானைத் துதித்தான், தாபம் தணிந்தது.

பிரம்ம ஸூத்ரத்தின் நான்காம் அத்தியாயம், பிரம்ம வித்தையைப் பெற்றவனுக்கு முன்செய்த பாபங்கள் அழியும், பின் நேர்வன ஒட்டா என்கிறது. நடந்தது எவ்வாறு அழியும்? பாபம் என்பது பகவானுடைய அப்ரீதி, அது நீங்குதலே பாபத்தின் அழிவு என்று ஸ்ரீபாஷ்யகாரர் தெளிவுறுத்தினார். செயல் நடந்தது நடந்ததே. அதனால் விளைந்த திருவுள்ளச் சீற்றம் அருளாக மாறுகிறது. மநுஸ்ம்ருதியின் 11ஆம் அத்தியாயமும், சிறு பொருளைக் களவாடியவன் அதனைத் திருப்பிக் கொடுத்தே சுத்திக்கான விரதத்தை அனுஷ்டிக்க வேண்டும் என்கிறது. பொருள் கையில் இருக்க விரதம் மாத்திரம் போதாது.

காணைக்கு மேற்கே, தென்பெண்ணையின் தென்கரையில், திருக்கோவலூரில் உலகளந்த பெருமாளாக எம்பெருமான் எழுந்தருளியுள்ளான். அத்திருக்கோலத்தைச் சேவிப்போர் மஹாபலியின் கதையையும் நினைவர். அவன் இந்திரன் பதவியைக் கவர்ந்தது நடந்த கதை. பெருமான் அதனை மாற்றவில்லை. கவர்ந்ததை ஈரடியால் மீட்டு உரியவனுக்கு அளித்தான். தன்னையே மூன்றாம் அடிக்கு ஈந்த மஹாபலிக்கோ ஸுதல லோகத்தைத் தந்து, அதன் வாயிலில் தானே காவல் நின்றான். இப்போது நடப்பது ஏழாவதான வைவஸ்வத மந்வந்தரம். அடுத்த ஸாவர்ணி மந்வந்தரத்தில் மஹாபலியே இந்திரன் ஆவான் என்று வரமும் அருளினான். எந்தப் பதவியைப் பறித்தானோ அதே பதவி, உரிய காலத்தில், அருளால் வருகிறது. கதையின் முற்பகுதி அப்படியே நிற்க, பிற்பகுதியை மாற்றும் சக்தி இதுவே.

தம்பியின் வயல் வரப்பை ஓரடி தள்ளிப் போட்ட தமையன் ஒருவன் உத்ஸவத்திற்கு வந்து, கருடசேவையில் கண்ணீர் மல்க நிற்கிறான் என்க. அக்கண்ணீர் பொய்யன்று. ஆயினும் அவன் ஊர் திரும்பும்போது வரப்பு தள்ளிய இடத்திலேயே இருக்கும். பெருமாள் அவனையும் தம்பியின் வீட்டு வாயிலுக்கே அனுப்புகிறான். பிழைக்கு ஆளானவர் மறைந்திருப்பின், அவர் மக்களுக்குச் செய்ய வேண்டுவன எஞ்சியிருக்கும்.

சென்ற நாளைத் திருப்பித் தா என்று வேண்டுதல் பயனற்றது. வருகின்ற நாளைச் செம்மையாக்கும் மனத்தைத் தா என்று வேண்டுதலே தகும். உத்ஸவம் சேவித்து மீளும் அடியார்கள், தம்மால் வருந்தினோர் வீட்டு வாயிலுக்கு ஒருமுறை சென்று நிற்பார்களாக. அம்பரீஷனைப் போல் அங்கும் ஒருவர் காத்திருக்கக் கூடும்.

சுபம்.