'சாமிக்குத்தானே பறிக்கிறேன்!'

விடிந்தும் விடியாத வேளையில் புதுச்சேரி வீதிகளில் நடந்து பாருங்கள். கையில் பையுடன் யாராவது ஒருவர் எட்டிப் பூப்பறித்துக் கொண்டிருப்பார். நந்தியாவட்டை, செம்பருத்தி, செவ்வரளி... காம்பவுண்டு சுவரைத் தாண்டித் தலைநீட்டும் எதுவும் தப்பாது! கேட்டால், ''சாமிக்குத்தானே பறிக்கிறேன்!'' என்று பதில் வரும்.

சாமிக்கு என்று சொல்லிவிட்டால், அடுத்த வீட்டுப் பூ நமக்கு உரியதாகிவிடுமா?

இதற்கான பதில் நம் கிராமத்துக் கோயில்களில் இருக்கிறது. புதுச்சேரியிலிருந்து சென்னை செல்லும் கிழக்குக் கடற்கரைச் சாலையில் உள்ளது கீழ்ப்புத்துப்பட்டு. இங்கே அருள்பாலிக்கும் மஞ்சனீஸ்வரர் ஐயனாரைக் குலதெய்வமாகக் கொண்ட குடும்பங்கள் ஏராளம். மொட்டை போட, காது குத்த, பொங்கல் வைக்க என்று வந்தபடி இருக்கிறார்கள். கோயிலைச் சுற்றிலும் காடு. வீரை, காசா போன்ற மரங்களும் கொடிகளும் பின்னிக் கிடக்கின்றன.

இத்தகைய கோயில் காடுகளுக்கு எழுதி வைக்காத சட்டம் ஒன்று உண்டு. 'இது சாமியோடது. குச்சியைக்கூட ஒடிக்கக் கூடாது!' அடுப்புக்கு விறகில்லாத வீட்டுப் பெண்களும் அந்த எல்லைக்குள் கைவைக்கத் தயங்கினார்கள். எல்லா ஊரிலும் இந்தக் கட்டுப்பாடு அப்படியே நிலைக்கவில்லை. அழிந்துபோன காடுகளும் உண்டு. ஆனால், மிஞ்சியிருப்பவை அந்த ஒரு சொல்லால் மிஞ்சியவைதான். 1968-ல் ஆரோவில் தொடங்கப்பட்டபோது அந்த இடம் பெரும்பாலும் செம்மண் பொட்டல். பிற்பாடு அங்கே இந்த மண்ணுக்கே உரிய மரங்களை வளர்க்க நினைத்தவர்கள், விதை தேடிப் போனது கோயில் காடுகளுக்குத்தான்!

யோசித்துப் பாருங்கள். கிராமத்தில் 'சாமியோடது' என்பது, தொடாமல் இருப்பதற்கான காரணம். நகரத்திலோ 'சாமிக்கு' என்பது, தொடுவதற்கான சாக்கு! அங்கே பக்தி நம் ஆசைக்கு வேலி போடுகிறது. இங்கே அதே பக்தியின் பெயரால் வேலி தாண்டுகிறோம்.

''தெருப்பக்கம் நீண்டிருக்கும் பூதானே... வாடி உதிரத்தானே போகிறது?'' என்று நீங்கள் கேட்கலாம். ஆனால், தினமும் அந்தச் செடிக்குத் தண்ணீர் ஊற்றிய அம்மாளும் பூஜைக்கென்று வந்து வெறும் கிளையைத்தானே பார்ப்பார்?

பெரியபுராணத்தில் வரும் சிவகாமியாண்டார், ஈசனுக்குப் பூப்பறிக்கும்போது தன் மூச்சுக்காற்றும் படக்கூடாதென்று வாயைத் துணியால் கட்டிக்கொள்வார். மூச்சே படக்கூடாத பூவில், பிறருடைய பெருமூச்சு படலாமா?

வழி மிகச் சுலபம். ''அக்கா, சாமிக்கு ரெண்டு பூ எடுத்துக்கட்டுமா?'' என்று ஒரு வார்த்தை கேளுங்கள். பெரும்பாலும் யாரும் மறுக்க மாட்டார்கள். கொடுத்தவருக்கும் புண்ணியத்தில் பங்கு கிடைக்கும். மறுத்தால்தான் என்ன? மாடியில் ஒரு தொட்டித் துளசி போதுமே! அன்போடு தரும் இலையையும் நீரையும்கூட ஏற்பதாகக் கீதையில் கண்ணன் சொல்லியிருக்கிறானே!

அடுத்தமுறை குலதெய்வக் கோயிலுக்குப் போகும்போது, சந்நிதியோடு திரும்பிவிடாமல், சுற்றி நிற்கும் மரங்களையும் பாருங்கள். யாரோ நம் பாட்டிமார்கள் பறிக்காமல் விட்டதால் நிற்பவை அவை. அதுவும் ஓர் அர்ச்சனைதான்!