மௌனம் சம்மதமாகுமா?

சென்ற பௌர்ணமியன்று சித்தூரில் நாம் அகிம்சையைப் பற்றிப் பேசி முடித்ததும் இளைஞர் ஒருவர் எழுந்தார். "இடிந்தகரையில் பந்தலிட்டு அமர்ந்தவர்கள் ஊருக்கு வேண்டிய மின்சாரத்தைத் தடுத்தார்களே, அது பிறருக்குத் தீங்கன்றோ?" என வினவினார்.

வினா நியாயமானதே. 2012இல் மின்வெட்டால் ஆலை நின்று, கூலியின்றி வீடு திரும்பிய நாட்களில் நாமும் அம்மீனவரை வாய்க்கு வந்தபடி ஏசியவர்தாம்.

கூடங்குளத்தில் இரண்டு அணு உலைகள் அமைக்கச் சோவியத் நாட்டுடன் ஒப்பந்தம் ஏற்பட்டது 1988இல். மறு ஆண்டே சுற்றுச்சூழல் அனுமதியும் கிடைத்தது. மக்கள் கருத்தைக் கேட்க வேண்டும் என்னும் விதி பின்னரே வந்தபடியால், அவ்விரண்டு உலைகளுக்கும் பொது விசாரணை நடக்கவேயில்லை. 2011 மார்ச்சில் ஜப்பானின் புகுசிமாவில் உலைகள் உருகின. அவ்வாண்டே லூர்து மாதா கோயில் முன்னே பந்தல் எழுந்தது. செப்டம்பரில் 127 பேர் பன்னிரண்டு நாட்கள் உண்ணாநோன்பிருந்தனர்.

பகவன் வகுத்த சங்க முறையை நோக்குவோம். ஒருவரைப் பிக்குவாக ஏற்பதற்கும், கூடிய சபையில் கருத்தை அறிவித்து, பின் மும்முறை கேட்டல் வேண்டும். இசைந்தவர் வாளாவிருப்பர், இசையாதவர் பேசுவர். அங்கே மௌனம் சம்மதமாவது, கேள்வி முன்னரே கேட்கப்பட்டதனால் அன்றோ? கேளாதவிடத்து மௌனம் வெறும் மௌனமே. சங்கத்தின் இச்சபை முறைகளையே பாபாசாகேப் 1949 நவம்பர் 25ஆம் நாள் அரசியல் நிர்ணய சபையில் எடுத்துக் காட்டினார்.

ஒருபோதும் கேட்கப்படாத கேள்விக்கு இடிந்தகரையார் பந்தலிட்டு விடையளித்தனர். நமது கூலி நஷ்டம் மெய்தான். அதைச் சிறிதென்று சொல்லோம். எனினும் நமக்குப் போனது சில நாட் கூலி. அவர்கள் பணயம் வைக்க வேண்டியிருந்தது கடலையும் பிள்ளைகளையும்.

2012 செப்டம்பர் 10இல் கடற்கரையில் கண்ணீர்ப்புகை வீசப்பட்டது. மணப்பாட்டில் மீனவர் ஒருவர் காவலர் குண்டுக்கு இரையானார். கூட்டத்தினர் கல்லெறிந்தனர் என்றது காவல்துறை. எறிந்திருப்பின் அது தம்மமாகாது. உண்ணாதிருந்தோர் கையில் கல் ஏது? 2013இல் உச்ச நீதிமன்றத் தீர்ப்புக்குப் பின் முதல் உலை இயங்கத் தொடங்கிற்று.

இவ்வளவும் கேட்ட இளைஞர், "நம் பக்கத்தில் அப்படி ஏதேனும் உண்டா?" என்றார். உண்டு. கடப்பை மாவட்டத்துத் தும்மலப்பள்ளியில் 2012 முதல் யுரேனியம் எடுக்கப்படுகிறது. நிலத்தடி நீர் கெட்டதென்று உழவர்கள் முறையிட்டு வந்துள்ளனர். அடுத்த பௌர்ணமிக்கு முன்பாக, திருப்பதி அன்பர் சிலரோடு அவ்விளைஞரையும் அழைத்துக்கொண்டு, அவ்வூரார் சொல்வதைக் கேட்டுவரப் புறப்படுகிறோம்.