பலனைத் துறப்பவர் யார்?

கர்மயோகத்தைப் பற்றிப் பிரசங்கம் செய்வோர் பெரும்பாலும் அர்ஜுனனையும் ஜனகரையுமே உதாரணமாகக் காட்டுவார்கள். இருவரும் க்ஷத்திரியர்கள், கீர்த்தி கைவரப் பெற்றவர்கள். கீர்த்தியே வந்து சேராத தொழிலில் ஆயுளைக் கழிப்பவருக்குப் பலத்தியாகம் என்பதன் பொருள் என்ன என்ற கேள்வி, கொச்சியின் சினிமாத் தயாரிப்பு நிர்வாகிகளைக் காணும்போதெல்லாம் எனக்கு எழுகிறது.

கோடம்பாக்கத்தில் புரொடக்ஷன் மேனேஜர் என்றும், மலையாளத் திரையுலகில் புரொடக்ஷன் கண்ட்ரோலர் என்றும் வழங்கப்படுபவர் இவர். மட்டாஞ்சேரி பஜார் ரோட்டில், சுக்கும் மிளகும் மணக்கும் பழைய பண்டகசாலை ஒன்றில் நடந்த படப்பிடிப்பைக் களமசேரியிலிருந்து சென்று பார்த்திருக்கிறேன். விடியுமுன்பே வந்து ஜெனரேட்டர் வண்டிக்கு இடம் பிடித்து, சுமைதூக்கும் தொழிலாளரிடம் இதமாகப் பேசி வழி வாங்கி, ஆறுவதற்குள் லைட்மேன்களுக்கு இட்டலி பரிமாறச் செய்து, பேக்கப் சொன்னபின் அவரவர் பேட்டாவை எண்ணிக் கொடுத்து வவுச்சரில் கையெழுத்து வாங்கிய அந்த மனிதருக்கு, காமிராவின் பக்கம் திரும்பிப் பார்க்கவும் அவகாசமில்லை. இடையூறின்றிக் கழிந்த நாளே அவருடைய சாதனை. அத்தகைய நாளை யாரும் நினைவில் வைப்பதுமில்லை.

கொச்சியின் பாபு இஸ்மாயில் சேட் தயாரித்து, ராமு காரியாட் இயக்கி, 1965-ஆம் ஆண்டின் சிறந்த படத்துக்கான ஜனாதிபதி தங்கப் பதக்கத்தைத் தென்னாட்டுக்கு முதன்முதலாகக் கொண்டுவந்த ‘செம்மீன்’ படத்தைப் பற்றிப் பேசுகையில், தகழியின் கதையும் சலீல் சௌதுரியின் சங்கீதமும் மார்க்கஸ் பார்ட்லியின் ஒளிப்பதிவும் உடனே நாவில் வருகின்றன, நாட்டிகைக் கடற்கரையில் தோணியும் ஆளும் சோறும் வேளை தவறாமல் சேர்ப்பித்தவர்களின் பெயர் வருவதில்லை.

இதுவன்றோ நிஷ்காம கர்மம் என்று மெய்சிலிர்ப்பவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை. கைக்கு வந்ததைத்தான் துறக்க முடியும். வராததைத் துறந்ததாகச் சொல்வது உழைத்தவரின் தவத்தைக் காட்டாது, கொடுக்காதவரின் குறையையே மறைக்கும். பலத்தியாகம் விளைவில் அசிரத்தையாகாது என்று ‘அநாசக்தி யோகம்’ என்ற தம் கீதை விளக்கத்தில் காந்தியடிகளும் தெளிவாக்கியிருக்கிறார். கடைசி ஷாட்டுக்கு முன் வெயில் இறங்கிவிட்டால் தயாரிப்பாளரின் கடனுக்கு வட்டி ஏறுமே என்று பதைக்கும் நிர்வாகியிடம் ஆசை இருக்கிறது. ஆனால் அது காரியம் முடிய வேண்டுமென்ற ஆசை, பலர் பிழைக்க வேண்டுமென்ற ஆசை. கீதை லோகசங்கிரகம், அதாவது உலக நலம் பேணுதல், என்று சொன்னதற்கு அது வெகு அருகில் நிற்கிறதென்றே நான் நம்புகிறேன்.

பெயர் கிடைத்துவிட்டால் உழைப்பு களங்கப்படும் என்பதும் இல்லை. ‘நாடோடி மன்னன்’ (1958) காலத்தில் எம்.ஜி.யார் பிக்சர்ஸின் நிர்வாகச் சுமையைத் தாங்கிய ஆர். எம். வீரப்பன், 1963-இல் சத்யா மூவீஸைத் தொடங்கித் தம் பெயராலேயே அறியப்பட்டார். அதனால் அவருடைய முந்தைய உழைப்பின் தூய்மை குன்றிவிட்டதென்று யார் சொல்வார்?

பலனை எதிர்பாராதே என்பது ஒருவன் தனக்குத்தானே பூணும் விரதம். சம்பளம் கொடுப்பவன் சம்பளம் வாங்குபவனுக்குச் செய்யும் உபதேசமாக அது மாறும்போது அதர்மமாகிவிடுகிறது. பேட்டாவை அன்றன்றே கொடுப்பதும், பெயரைப் படிக்கும் அளவுக்குத் திரையில் நிறுத்துவதும் முதலாளியின் கடன். பெற்றுக்கொண்டபின் அதைத் துறப்பதா, அனுபவிப்பதா என்பதை உழைத்தவரே தீர்மானிக்கட்டும்.