இனப்பற்றும் பொது நிறுவனங்களும்

தன் மொழியையும் தன் மக்களையும் நேசித்தல் மனித இயல்பு. அந்நேசமே விரிந்து தேசியம் எனப் பெயர் பெறுகின்றது. பற்றுக் கொள்வது குற்றமன்று. ஆயினும் பிரதேச செயலகம், நீதிமன்றம், மாநகர சபை முதலான பொது நிறுவனங்களில் அப்பற்றுக்கு எவ்வளவு இடமளிக்கலாம் என்பது சிந்திக்கற்பாலது.

1956 ஆம் ஆண்டின் ஆட்சிமொழிச் சட்டம் இதற்குத் தக்க சான்றாகும். சிங்களம் மட்டுமே ஆட்சிமொழி என்றானபோது, எல்லோருக்கும் உரிய அரச அலுவலகம் ஒரு மொழியினரின் உடைமை போலாயிற்று. தமிழ் பேசும் இந்துக்களும் முஸ்லிம்களும் ஒருங்கே பாதிப்புற்றனர். அவ்வாண்டுப் பொதுத் தேர்தலில் கல்முனையில் எம். எஸ். காரியப்பரும் பொத்துவிலில் எம். எம். முஸ்தபாவும் தமிழரசுக் கட்சியின் சார்பிலேயே வெற்றி பெற்றனர். மொழி இரு சமூகங்களையும் ஒரே மேடையில் நிறுத்திய காலம் அது.

அவ்விணைப்பு நிலைக்கவில்லை. இருவரும் பின்னர் அக்கட்சியை விட்டு நீங்கினர். “தமிழ் பேசும் மக்கள்” என்னும் சொல்லுக்குள் தமது தனித்துவம் கரைந்துவிடுமோ என்ற ஐயம் முஸ்லிம் மக்களிடையே வளர்ந்தது. 1981 இல் ஸ்ரீலங்கா முஸ்லிம் காங்கிரஸ் தோன்றி, மர்ஹூம் எம். எச். எம். அஷ்ரப் அவர்களின் தலைமையில் வலுப்பெற்றது. 1990 ஆகஸ்டில் காத்தான்குடிப் பள்ளிவாசலில் தொழுதோரும் கொல்லப்பட்டனர். வீரமுனையில் ஆலயத்தில் தஞ்சமடைந்தோரும் கொல்லப்பட்டனர். காக்க வேண்டிய நிறுவனங்கள் செயலற்றுப் போனால், பற்று அச்சமாகவும் அச்சம் பகையாகவும் மாறும் என்பதை இக்கரையோரம் கண்ணீரால் கற்றது.

2019 ஜூனில், கல்முனை வடக்கு உப பிரதேச செயலகத்தைத் தரமுயர்த்துமாறு கோரி உண்ணாவிரதம் நடைபெற்றது. அதற்கு எதிராக முஸ்லிம் மக்களும் அமர்ந்தனர். இதனை இனப்பிரச்சினை என்று மட்டும் கொள்வது பொருந்தாது. சாய்ந்தமருது மக்களும் தமக்கெனத் தனி நகர சபை கேட்டுப் போராடினர். 2020 பெப்ரவரியில் வர்த்தமானி வெளியாகி, சில நாட்களிலேயே நிறுத்தப்பட்டது. அங்கே இரு பக்கத்திலும் முஸ்லிம்களே இருந்தனர். ஆகவே மக்கள் வேண்டுவது கொடியை அன்று. தமது குறையைச் செவிமடுக்கும் ஓர் அலுவலகத்தையே எனலாம்.

ஆலயத்தின் வண்ணக்கர் ஒரு குடியிலிருந்து வருகின்றார். ஆனால் கோயில் அக்குடியின் உடைமையன்று. எக்குடியார் வந்தாலும் திருநீறு ஒன்றே. பள்ளிவாசலின் மரைக்காருக்கும் இதே பொறுப்பு உண்டு. பொது அலுவலக நாற்காலியில் அமர்வோருக்கு மட்டும் வேறு தர்மம் இருத்தல் இயலுமா?

“நாம் கேட்கும் விதியை, நாம் சிறுபான்மையாய் உள்ள இடத்தில் மற்றவர் கேட்டால் ஏற்போமா?” என்பதே உரைகல். ஏற்போமாயின் அக்கோரிக்கை நீதி. மறுப்போமாயின் அது வெறும் ஆசை. 1956 இல் தமக்கு நேர்ந்ததை அயலவருக்குச் செய்யாதிருப்பதே உண்மையான இனப்பற்று. அந்நெறியில் யாவரும் ஒழுக எல்லாம் வல்ல இறைவன் திருவருள் புரிவானாக.