பழைய ஒளியும் இன்றைய தீர்ப்பும்

கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்பது நம் முன்னோர் மொழி. கண் ஏமாறக் கூடும் என்னும் எச்சரிக்கை அதில் அடங்கியுள்ளது. ஆனால், கண் சிறிதும் ஏமாறாமல், கண்ட காட்சியும் முற்றிலும் உண்மையாகவே இருந்து, அந்த உண்மை காலத்தால் பழையதாகிவிட்டால் என் செய்வது? அதனைக் கொண்டு இன்று ஒரு தீர்ப்பை வழங்க நமக்கு உரிமை உண்டா? இவ்வினாவை வானநூல் நம்முன் தெளிவாக எடுத்து வைக்கிறது.

இராசபாளையத்திலோ, திருவில்லிபுத்தூரை அடுத்த திருவண்ணாமலைக் குன்றின் அடியிலோ, சித்திரை மாதத்து இரவில் பத்து மணியளவில் நின்று அண்ணாந்து பார்ப்போமாயின், உச்சியை ஒட்டிக் கன்னி விண்மீன் கூட்டம் தோன்றும். அதனுள் வெறுங்கண்ணுக்குப் புலப்படாத ஒரு புள்ளி உண்டு. ஓரளவு பெரிய தொலைநோக்கியில் அது மங்கிய விண்மீன் போலவே காட்சி தரும். 3சி 273 என்பது அதற்கு அறிஞர் இட்ட பெயர். 1962இல் ஆஸ்திரேலியாவின் பார்க்ஸ் வானொலித் தொலைநோக்கியின் துணைகொண்டு, சந்திரன் அதனை மறைத்த கணத்தையும் விடுவித்த கணத்தையும் குறித்து, சிரில் ஹசார்டும் அவர்தம் தோழர்களும் அதன் இடத்தைத் துல்லியமாக அறிந்தனர். 1963இல் மார்ட்டின் ஷ்மிட் அதன் நிறமாலையை ஆராய்ந்தார். அதிலிருந்த விளங்காத கோடுகள், நாம் நன்கறிந்த ஹைட்ரஜனின் கோடுகளே என்றும், அவை ஏறத்தாழ 16 விழுக்காடு சிவப்பின் பக்கம் நகர்ந்திருக்கின்றன என்றும் கண்டார். அப்புள்ளி விண்மீன் அன்று. நெடுந்தொலைவிலுள்ள ஒரு விண்மீன் மண்டலத்தின் நடுப்பகுதி. இத்தகைய பொருள்களையே குவாசர் என்கிறோம்.

பல கோடிச் சூரியன்களின் நிறை கொண்ட கருந்துளை ஒன்று அங்கே நடுவில் இருக்கிறது. அதனை நோக்கி விழும் வாயு, சுழன்று, உராய்ந்து, கொதித்து ஒளிர்கிறது. அவ்வொளி, நம் பால்வீதியின் விண்மீன்கள் அனைத்தும் சேர்ந்து தரும் ஒளியினும் பன்மடங்கு மிகுதி. அது நம்மை வந்தடைய 200 கோடி ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருக்கிறது. வாயு தீர்ந்தால் குவாசர் அடங்கிவிடும். அதன் ஒளிரும் பருவத்தை வானநூலார் சில கோடி ஆண்டுகள் என்ற அளவிலேயே மதிப்பிடுகின்றனர். எனவே, நாம் காணும் அப்பெருஞ்சுடர் இன்று அணைந்திருக்கவே வாய்ப்பு மிகுதி. நம் பால்வீதியின் நடுவிலும் 40 இலட்சம் சூரியன்களின் நிறையுள்ள கருந்துளை ஒன்று அமைதியாக இருக்கிறது. முன்பு கொழுந்துவிட்டு எரிந்தது இன்று அடங்கியிருக்கலாம். இன்று அடங்கியிருப்பது முன்பு எரிந்திருக்கலாம்.

இவ்வாராய்ச்சியில் நம் தமிழகத்திற்கும் பங்குண்டு. உதகமண்டலத்தை அடுத்த முத்தோரையில் கோவிந்த் ஸ்வரூப் தலைமையில் அமைந்த வானொலித் தொலைநோக்கி 1970இல் பணி தொடங்கியது. 530 மீட்டர் நீளமும் 30 மீட்டர் அகலமும் கொண்ட அதனை, அவ்விடத்தின் அட்சரேகைக்கு ஒத்த சரிவுடைய மலைப்பக்கத்தில் நிறுவினார்கள். அதனால் அதன் அச்சு பூமியின் அச்சுக்கு இணையாயிற்று. ஒரே அச்சில் திருப்பி ஒரு பொருளைப் பல மணி நேரம் தொடர முடிந்தது. சந்திரன் மறைக்கும் வேளையை நோக்கியே ஆயிரத்துக்கும் மேற்பட்ட வானொலி மூலங்களை அங்கே ஆராய்ந்தனர். தொலைவில் உள்ளவை, அதாவது பழங்காலத்தவை, அருகில் உள்ளவற்றினின்றும் வேறுபட்டவை என்னும் முடிவுக்கு, 1975இல் ஸ்வரூப்பும் விஜய் கபாஹியும் வெளியிட்ட ஆய்வுகள் வலுவூட்டின. பேரண்டமே என்றும் ஒருபடித்தாய் இருந்ததில்லை.

கண்ணிலிருந்து கதிர் புறப்பட்டுச் சென்று பொருளைத் தொடுவதால் காண்கிறோம் என்று பண்டைய அறிஞர் பலர் கருதினர். பதினோராம் நூற்றாண்டில் இப்னு அல் ஹைஸம் அதனை மறுத்து, பொருளிடமிருந்து வரும் ஒளியே கண்ணை அடைகிறது என்று நிறுவினார். காண்பது என்பது பெற்றுக்கொள்வது. பெற்றுக்கொண்டதற்குப் புறப்பட்ட நாள் ஒன்று உண்டு. அந்நாளையும் சேர்த்துச் சொல்வதே வானநூலாரின் நேர்மை. "அது எரிகிறது" என்று நாம் எளிதாகச் சொல்வதை, "அது அன்று எரிந்தது" என்றே அவர்கள் பொருள்கொள்வர்.

மனிதரைப் பற்றிப் பேசும்போது இந்நேர்மை நம்மிடம் இருக்கிறதா? இருபது வயதில் ஒருவன் பணிபுரிந்த கடையில் பணம் எடுத்துப் பிடிபட்டான் என்று கொள்வோம். தண்டனை பெற்றான், பணத்தைத் திருப்பிக் கொடுத்தான், முப்பது ஆண்டுகள் உழைத்து வாழ்ந்தான். அவன் மகளுக்கு வரன் வரும்போது, ஊரில் விசாரிப்போரிடம் "அவன் திருடன் ஆயிற்றே" என்கிறோம். சொன்னது பொய்யன்று. ஆனால் "திருடினான்" என்பது "திருடன்" ஆகும் இடத்தில் நாள் மறைந்துவிடுகிறது. அங்கேதான் அநீதி நுழைகிறது.

அவ்வாறாயின், பழைய செயலையெல்லாம் மறந்துவிட வேண்டுமா என வினவலாம். அன்று. வானநூலார் பழைய ஒளியை எறிந்துவிடுவதில்லை. அதுவே அவர்தம் செல்வம். இழைத்த தீங்கு இழைத்ததே. பறிகொடுத்தவனுக்குச் சேரவேண்டியது சேர்ந்தாக வேண்டும். "அது என் பழைய கதை" என்று கூறிக் கடனை மறுப்பவன், அன்று புறப்பட்ட ஒளி புறப்படவே இல்லை என்கிறான்; அதுவும் பொய்யே. நாள் குறிப்பிடும் நெறி குற்றவாளிக்குச் செய்யும் சலுகையன்று. நடந்ததை மறைக்கவும் அது விடாது. நடந்ததை இன்றைக்கு நீட்டவும் விடாது.

ஒரு வேறுபாட்டையும் நாம் மறத்தலாகாது. குவாசரின் இன்றைய நிலையை அறிய விரும்பும் வானநூலார்க்கு வேறு வழியில்லை. இன்று அங்கிருந்து புறப்படும் ஒளி வர இன்னும் 200 கோடி ஆண்டுகளுக்கு மேல் ஆகும். அவர்தம் அறியாமைக்குத் தொலைவே காரணம். நம் அயலானோ அடுத்த தெருவில் இருக்கிறான். அவனது இன்றைய ஒளி நம் வாசல் வரை வந்து நிற்கிறது. அதைக் காண மறுத்து, முப்பது ஆண்டுப் பழைய ஒளியைக் கொண்டே தீர்ப்பு எழுதுவோமாயின், அதற்குத் தொலைவைக் காரணம் காட்ட நம்மால் இயலாது. தீர விசாரிப்பது என்பது நடந்தது உண்மையா என்று கேட்பதோடு முடிவதில்லை. அது எப்போதைய உண்மை என்றும் கேட்டாக வேண்டும்.