ஔடதமும் அபயமும்

அகிம்சை அணுவிரதத்திற்கு அதிசாரங்கள் ஐந்து எனத் தத்துவார்த்த சூத்திரம் வகுக்கிறது. கட்டுதல், அடித்தல், உறுப்பைச் சேதித்தல், மிகுபாரம் ஏற்றுதல், உணவு நீரைத் தடுத்தல் என்பன அவை. முதலாவதான பந்தத்திற்கு, ஓர் உயிரை அது விரும்பும் இடத்திற்குச் செல்லவொட்டாமல் தடுப்பது எனப் பூஜ்யபாதர் சர்வார்த்தசித்தியில் பொருள் உரைத்தார். இதனை அறிந்த சிராவகியர் சிலர் என்னிடம் வினவுவதுண்டு: நோயுற்ற பூனையைச் சாக்கில் கட்டி மருத்துவரிடம் எடுத்துச் செல்வதும் பந்தம்தானே? அதன் அலறலைக் கேட்பதினும் வீட்டிலேயே விட்டுவிடுதல் நன்றன்றோ?

நன்றன்று என்பதே என் கருத்து. ஆகாரம், அபயம், ஔடதம், சாத்திரம் எனத் தானம் நால்வகைப்படும். ஔடதத்தை மறுத்து நோயை முற்றவிடுவது அபயதானம் ஆகாது. ஆனால், நோக்கம் நல்லதாயின் எப்படிக் கட்டினால் என்ன என்பாரோடும் நான் உடன்படேன். இம்சைக்கு இலக்கணம் கூறிய உமாசுவாமி, பிரமாதத்தை, அதாவது கவனமின்மையை, அதற்கு மூலமாக வைத்தார். ஊசி தரும் வலி தவிர்க்க இயலாதது. சாக்கின் இருள் தரும் நடுக்கமோ நம் சோம்பலால் விளைவது.

எலியைக் கொல்லும் உயிருக்கு இத்தனை பரிவா எனக் கேட்பாரும் உளர். விரதம் ஏற்றது பூனையன்று, நாம்.

அச்சம் நான்கு சம்ஞைகளுள் ஒன்று. பூனை ஐந்து பொறிகளோடு மனமும் உடைய உயிர். மனிதச் செவி நொடிக்கு ஏறத்தாழ 20,000 அதிர்வுகள் வரையே உணரும்; பூனையின் செவி 60,000-ஐயும் கடந்து உணரும். பேருந்தின் இரைச்சலும் காத்திருக்கும் இடத்து நாய்களின் வாடையும் அதற்கு எத்தகைய துன்பம் என எண்ணிப் பார்க்க வேண்டும். அஞ்சிய பூனையின் இதயம் விரைந்து துடிக்கும். இரத்தத்தில் சர்க்கரை ஏறும். நீரிழிவோ என மருத்துவரும் ஐயுற நேரும். ஆகவே அச்சம் ஔடதத்தையும் கெடுக்கிறது.

காற்றுப் புகும் மூடியுள்ள கூடை ஒன்றைப் பல நாள் முன்னரே வீட்டில் திறந்து வைத்தல் வேண்டும். பூனை படுத்துப் பழகிய துணியை அதனுள் விரித்து, உணவையும் அங்கேயே வைத்தால், அது தானே புகுந்து உறங்கத் தொடங்கும். விரும்பிப் புகுந்த இடம் சிறையாகத் தோன்றாது. பயணத்தின்போது கூடையின்மேல் மெல்லிய துணி போர்த்தி, ஆட்டாமல் ஏந்திச் செல்ல வேண்டும். பொருளை எடுப்பதிலும் வைப்பதிலும் முனிவர் காக்கும் ஆதான நிக்ஷேபண சமிதியை இங்கே நினைவுகூரலாம். மருத்துவமனையில் கூடையைத் தரையில் வைக்காமல் மடியிலோ விசிப்பலகையிலோ வைத்தல் நலம். எங்கள் மதகடிப்பட்டிலிருந்து குரும்பாபேட்டில் உள்ள ராஜீவ் காந்தி கால்நடை மருத்துவக் கல்வி மற்றும் ஆராய்ச்சி நிலையத்திற்குச் செல்வோர், அவசரம் இல்லையெனில், மாட்டுச் சந்தை கூடும் செவ்வாய்க்கிழமையைத் தவிர்க்கலாம்.

பிடரித் தோலைப் பற்றித் தூக்கும் வழக்கம் நம்மிடையே உண்டு. தாய்ப்பூனை குட்டியை அவ்வாறு தூக்குகிறதே என்பர். வளர்ந்த பூனைக்கு அது அச்சமே தரும். பூனை மருத்துவர்களின் அமெரிக்க, பன்னாட்டுச் சங்கங்கள் 2022-இல் வெளியிட்ட நெறிமுறையும் அதனை விலக்கியுள்ளது. மிக அஞ்சும் பூனைக்கு முன்னதாகவே கொடுக்கத்தக்க மருந்தை மருத்துவரே எழுதித் தருவார். நம் வீட்டு மாத்திரைகளைத் தரலாகாது. பாரசிட்டமால் பூனையின் உயிரையே பறிக்கும்.

வீடு திரும்பிய பூனையின்மேல் மருத்துவமனை வாடை இருக்குமாதலின் மற்றப் பூனைகள் அதனைப் பகையாக எண்ணிச் சீறும். அந்த வாடை நீங்கும்வரை சில மணி நேரம் தனி அறையில், தன் பழைய துணியோடு, அதனை விட்டுவைக்க வேண்டும்.